உருளைக்கிழங்கு கிலோ மைனஸ் முப்பது

மாடி வீட்டுக்காரி காய்கறி வாங்கி வரும் ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்குச் சோறு இறங்காது. இதை எழுதும்போது கை கொஞ்சம் தயங்குகிறது. ஆனாலும் உண்மை அதுதான். ஒரு கிலோ தக்காளிக்காக ஒருத்தி மேல் இவ்வளவு வயிறு எரியுமா என்று கேட்டால், எரியும். எனக்கு எரிந்தது.

நாங்கள் இருப்பது சுரங்க நகரியத்தில், மாடியும் கீழுமாகப் பன்னிரண்டு வீடுகள் உள்ள ஒரு குவார்ட்டர்ஸ் வரிசை. என் கணவருக்குச் சுரங்கத்தில் ஷிஃப்ட் வேலை. நான் பி.எஸ்சி. கணிதம் முடித்த கையோடு கல்யாணமாகி, விருதுநகர்ப் பக்கத்திலிருந்து நேராக இங்கே வந்து இறங்கியவள். வேலைக்குப் போகவில்லை. பதினெட்டு வருடமாக வீட்டிலேயே ஒன்பதாவது, பத்தாவது பிள்ளைகளுக்குக் கணக்கு டியூஷன் எடுக்கிறேன். மாலை ஐந்து மணிக்கு என் வாசலில் இருபது ஜோடிச் செருப்பு கிடக்கும். வேலைக்கென்று பள்ளிக்கூடத்து வாசலைக்கூட மிதிக்காத என்னை வரிசையில் எல்லோரும் டீச்சர் என்றுதான் கூப்பிடுவார்கள்.

அந்தப் பட்டத்தை நான் சும்மா வாங்கிவிடவில்லை. ஒருமுறை எதிர் வீட்டம்மா, கோயம்புத்தூர்ப் பக்கத்துக்காரர், தையல்காரர் கொடுத்த ரசீதோடு வந்தார். மூன்று ஜாக்கெட், இரண்டு புடவைக்கு ஃபால்ஸ், மொத்தம் அறுநூற்றுப் பத்து. எதற்கு எவ்வளவு என்று கேட்டால் தையல்காரர் சொல்லமாட்டேன் என்கிறார், கூட வாங்குகிறாரோ என்று சந்தேகம். அதே தையல்காரர் இன்னொரு வீட்டுக்குக் கொடுத்த ரசீதை வரவழைத்தேன். ஒரு ஜாக்கெட், இரண்டு ஃபால்ஸ், முந்நூற்றுப் பத்து. ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்தால் ஃபால்ஸ் ஓடிப்போகிறது. இரண்டு ஜாக்கெட் முந்நூறு. ஆக ஜாக்கெட் நூற்றைம்பது, ஃபால்ஸ் எண்பது. தையல்காரர் யோக்கியர்தான் என்று தீர்ப்பும் சொன்னேன். அரை நிமிடம் ஆகவில்லை. எதிர் வீட்டம்மா, "ஏனுங் டீச்சர், இதத்தான் பசங்களுக்கு எக்ஸ் ஒய்யின்னு சொல்லிக் குடுக்கறீங்களா?" என்று வாயைப் பிளந்தார். அதற்குப் பிறகு ஆறு மாதம் வரிசையில் யாருக்கு என்ன விலைச் சந்தேகம் வந்தாலும் என் வாசலுக்குத்தான் வந்தார்கள். ஹோட்டல் பில்லில் காபி எவ்வளவு, வடை எவ்வளவு என்றுகூடக் கேட்டுவிட்டுப் போனார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை.

இதைவிடப் பெரிய கௌரவம் ஒன்று இருந்தது. தைப்பூசத்துக்கு வடலூருக்கு ஜோதி பார்க்க நடந்து போகிறவர்களுக்கு, நகரியத்து நுழைவாயிலான ஆர்ச் கேட் பக்கம் சாலையோரத்தில் எங்கள் வரிசை சார்பில் சாப்பாடு கொடுப்போம். தக்காளி சாதம், தயிர் சாதம், உருளைக்கிழங்குப் பொரியல். பன்னிரண்டு வீடும் பணம் போடும். சமையலுக்கு ஆள் உண்டு. சாமான் வாங்குவதும் கணக்கு ஒப்படைப்பதும் எட்டு வருடமாக நான். அந்த ஒரு வாரம் என் வீட்டில் மூட்டைகள் அடுக்கியிருக்கும். ஆண்கள்கூட என்னிடம் கேட்டுவிட்டுத்தான் வேனுக்குச் சொல்வார்கள். சம்பளம் வாங்கும் வேலை எதுவும் பார்க்காத எனக்கு அது உத்தியோகம் மாதிரி. அது என் கையைவிட்டுப் போகும் என்று நான் நினைத்ததே இல்லை.

இரண்டு வருடத்துக்கு முன் என் வீட்டுக்கு நேர் மேலே அவள் வந்தாள். குறிஞ்சிப்பாடிப் பக்கத்துக் கிராமம். சுரங்கத்துக்கு நிலம் கொடுத்த குடும்பம். புருஷன் பல வருடம் கான்ட்ராக்டில் இருந்து பெர்மனென்ட் ஆனவர். என்னைவிடப் பத்து வயது சின்னவள். பத்தாவதோடு படிப்பை நிறுத்தியவள். வந்த முதல் நாளே என்னை டீச்சரக்கா என்று உறவு சேர்த்துக்கொண்டாள். நல்லவள்தான். அதுதான் எனக்கு இன்னும் எரிச்சல். கெட்டவளாக இருந்திருந்தால் வெறுத்துவிட்டுப் போயிருப்பேன்.

அவளுக்கு ஒரு பழக்கம். மெயின் பஜாரிலிருந்து வந்ததும் மாடிக்கு ஏறமாட்டாள். கீழ்ப்படியில் உட்கார்ந்து பையைக் கவிழ்ப்பாள். காயெல்லாம் படியில் உருளும். போகிறவர் வருகிறவரைக் கூப்பிட்டு, "எல்லாம் சேத்து எவ்ளோ இருக்கும், சொல்லுங்க பாப்போம்" என்பாள். ஒவ்வொருவரும் ஒரு தொகை சொல்வார்கள். அவள் சிரித்துக்கொண்டே இருந்துவிட்டுக் கடைசியில் தன் தொகையைச் சொல்வாள். எப்போதும் நாங்கள் சொன்ன எதையும்விடக் குறைவாக இருக்கும். உடனே ஆ, ஊ என்று சத்தம். நான் சொல்லும் தொகைதான் எல்லாவற்றிலும் அதிகம். "டீச்சருக்குக் கணக்குத் தெரியும், வாங்கத் தெரியல" என்று ஒருத்தி சிரித்தாள். நானும் சிரித்தேன். உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு காதில் புகை வர நின்றேன்.

எனக்கு விலை கேட்கக் கூச்சம். பேரம் பேச அதைவிடக் கூச்சம். நான் போகும் கடைக்காரம்மாவும் கிலோ விலை சொல்கிற ரகம் இல்லை. "எடும்மா, பாத்துப் போட்டுக்கலாம்" என்று தட்டில் அள்ளிப் போடுவார். எல்லாவற்றையும் நிறுத்து முடித்துவிட்டு வாயிலேயே கூட்டி ஒரே தொகையாகச் சொல்வார். நானும் டீச்சர் என்ற மிடுக்கில் கேட்காமல் நீட்டிவிட்டு வருவேன். மாடி வீட்டுக்காரியும் அதே கடைதான்.

என் கணவர் வேறு. ஒரு நாள் ஃபர்ஸ்ட் ஷிஃப்ட் முடிந்து வந்து சாப்பிட உட்கார்ந்தவர், குழம்பைப் பிசைந்துகொண்டே, "மேல் வீட்டுல எப்படித்தான் இவ்வளவு மலிவா வாங்குறாங்களோ. கூடப் போய்ப் பாரேன் ஒரு தடவை" என்றார். பாவம், அவருக்கு அது ஒரு யோசனை. எனக்கு அது பிரம்படி. நான் போட்டதைச் சாப்பிட்டுக்கொண்டே அவளைப் புகழ்கிறாரே என்று அன்று ராத்திரி ரசத்தில் உப்பை வேண்டுமென்றே குறைத்தேன். அவர் அதையும் கவனிக்கவில்லை.

அடுத்த ஞாயிறு கணக்கில் பிடித்துவிடுவது என்று முடிவு செய்தேன். அன்று நான் இரண்டு கிலோ தக்காளி, ஒரு கிலோ உருளைக்கிழங்கு வாங்கினேன். நூற்றுப் பத்து ரூபாய். அரை மணி நேரம் கழித்து அவள் வந்து படியில் பையைக் கவிழ்த்தாள். மூன்று கிலோ தக்காளி, இரண்டு கிலோ உருளை. சிரித்துச் சிரித்து, "நூத்தியம்பதுதான்கா" என்றாள். ஒரே நாள், ஒரே கடை, இரண்டு பொருள், இரண்டு தொகை. எனக்கு இதைவிட என்ன வேண்டும்? டியூஷன் பலகையில் எழுதிப் போட்டேன். இரண்டு எக்ஸ், ஒரு ஒய், நூற்றுப் பத்து. மூன்று எக்ஸ், இரண்டு ஒய், நூற்றைம்பது.

தக்காளி கிலோ எழுபது என்று வந்தது. சரி, கடைக்காரம்மா தக்காளியில் என்னை ஏமாற்றுகிறார் என்று நினைத்துக்கொண்டே உருளைக்கிழங்குக்குப் போனேன். கிலோ மைனஸ் முப்பது. அதாவது ஒவ்வொரு கிலோ உருளைக்கிழங்குக்கும் கடைக்காரம்மா கையிலிருந்து முப்பது ரூபாய் கொடுத்து எங்களை அனுப்புகிறார். இரண்டு முறை போட்டுப் பார்த்தேன். நீக்கல் முறையிலும் மைனஸ் முப்பது, பிரதியிட்டாலும் மைனஸ் முப்பது.

பதினெட்டு வருடமாகப் பிள்ளைகளுக்கு நான் சொல்லிக்கொடுக்க மறந்த ஒன்று அப்போதுதான் உறைத்தது. இரண்டு வரியிலும் இருக்கும் எக்ஸ் ஒரே எக்ஸ் என்று நாமே நினைத்துக்கொள்கிறோம். கணக்குப் புத்தகத்தில் அப்படித்தான் இருக்கும். ராமனும் சீதாவும் ஒரே கடையில் பேனா வாங்கினால் இருவருக்கும் ஒரே விலை. பஜாரில் யார் அப்படி எழுதிக் கொடுத்தார்கள்? அவளுக்கு ஒரு எக்ஸ், எனக்கு ஒரு எக்ஸ். கடைக்காரம்மாவும் அந்தப் பக்கத்து ஊர்தான். அவளுக்குச் சொந்த ஊர்ப் பேச்சு, சொந்த ஊர் விலை. எனக்கு வந்தேறி விலை. இப்படியெல்லாம் நினைத்து என்னை நானே வறுத்துக்கொண்டேன். விலையில் மட்டும் இல்லை, எல்லாவற்றிலும் அவளுக்கு வேறு எக்ஸ் என்று தோன்றியது. ஊரே அவளுக்குச் சிரிக்கிறது. என்னிடம் கணக்குக் கேட்க மட்டும் வருகிறது.

தைக்கு முன் வழக்கம்போலப் பெண்கள் கூடினோம். போன வருடம் வீட்டுக்கு ஆயிரத்தைந்நூறு. பன்னிரண்டு வீட்டுக்குப் பதினெட்டாயிரம். முழுவதும் செலவாகியிருந்தது. இந்த வருடமும் அதே தொகை என்று நான் சொல்லி முடிக்கவில்லை, எதிர் வீட்டம்மா இடையில் புகுந்தார்.

"டீச்சர் தப்பா நெனச்சுக்காதீங்க. இத்தன வருசம் நீங்க சிரமப்பட்டாச்சு. இந்த வாட்டி மேல் வீட்டுப் பொண்ணு வாங்கட்டுங்களே. அது வாங்கற வெலைக்கு ஆயிரத்து நானூறே போதுங்."

எல்லோரும் அவளைப் பார்த்தார்கள். அவள் முகத்தில் ஒரு கணம் ரத்தம் இல்லை. அதை நான் பார்த்தேன். அடக்கம் என்று நினைத்துக்கொண்டேன்.

"எனக்கு என்னாங்க தெரியும், டீச்சரக்காவே வாங்கட்டும்" என்றாள்.

"அட, சும்மா இரு. உனக்குத் தெரியாதா?" என்று நாலு பேர் அடக்கிவிட்டார்கள்.

அவள் என்னைப் பார்த்தாள். நான் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் பொறுப்பு என்னிடமே வந்திருக்கும். வறட்டுக் கௌரவம் விடவில்லை. "தாராளமா வாங்கட்டும், எனக்கு பரீட்சை நேரம்" என்றேன். வீட்டுக்கு வந்ததும் அழுகை வந்தது. நாற்பத்தாறு வயதில், மூட்டை அடுக்கும் வேலை போய்விட்டதே என்று அழுதேன். வெளியே சொன்னால் சிரிப்பார்கள்.

அழுது முடித்ததும் கோபம் கடைக்காரம்மா மேல் திரும்பியது. நேரில் போய் நியாயம் கேட்பது என்று கிளம்பினேன். அதற்கு முன் ஆதாரம் வேண்டுமே. அந்த ஞாயிற்றுக்கிழமைப் பையைப் பற்றி வேறு யாருக்கு என்ன தெரியும் என்று விசாரித்தேன். கணவரிடம் கேட்டால், "அன்னிக்கு மூணு கிலோ தக்காளி, ரெண்டு கிலோ உருளைதானே? நூத்திநாப்பதுன்னு என்கிட்டச் சொன்னாங்களே" என்றார். எதிர் வீட்டம்மாவிடம் பேச்சோடு பேச்சாக விட்டுப் பார்த்தேன். "நூத்திமுப்பத்தஞ்சுங்" என்றார்.

நான் படிக்கட்டிலேயே உட்கார்ந்துவிட்டேன். மூன்று கிலோ தக்காளி, இரண்டு கிலோ உருளை நூற்றைம்பது. அதே மூன்றும் இரண்டும் நூற்று நாற்பது. அதே மூன்றும் இரண்டும் நூற்று முப்பத்தைந்து. இடது பக்கம் ஒன்று, வலது பக்கம் மூன்று. வரைபடத்தில் போட்டால் இணைகோடுகள், எத்தனை தூரம் நீட்டினாலும் சேராது. தீர்வு இல்லை என்று எழுதிவிட்டு அடுத்த கணக்குக்குப் போகச் சொல்வேன் பிள்ளைகளிடம். அவளுக்கு வேறு எக்ஸ் என்று புழுங்கினேனே, அவளுக்கு எக்ஸே கிடையாது. வாய்க்கு வந்ததைச் சொல்லியிருக்கிறாள்.

கடைக்கும் போனேன். வாழ்க்கையில் முதல்முறையாக விலை கேட்டேன். மாடி வீட்டுக்காரியைச் சொல்லி, அவங்களுக்குக் குறைத்துப் போடுகிறீர்களாமே என்றேன்.

"யாரு, சிரிச்சிக்கினே வருமே அந்தப் பொண்ணா?" என்றார் கடைக்காரம்மா. "அது ஒரு நாள்கூட வெல கேட்டது இல்லம்மா. சொன்ன காச குடுத்துட்டுப் பூடும். உன்ன மாதிரித்தான்."

உன்னை மாதிரித்தான் என்றதில் எனக்கு வந்த ஆனந்தத்தை என்னவென்று சொல்வேன்! திரும்பி வரும்போது வண்டியை மெதுவாக ஓட்டினேன். சந்தோஷத்தை அவசரப்பட்டுத் தீர்த்துவிடக் கூடாது என்று தோன்றியது. இல்லாத விலைக்குப் பொறுப்பேற்றுக்கொண்டிருக்கிறாள். ஐம்பது கிலோ தக்காளி, நாற்பது கிலோ உருளைக்கிழங்கு. வாயால் வாங்க முடியாது. நிறுத்துத்தான் வாங்க வேண்டும். மாட்டிக்கொண்டாள். வீட்டில் யாரிடமும் மூச்சுவிடவில்லை. அவளிடம் தனியாகப் போய், ஆயிரத்து நானூறு பற்றாது, பேசாமல் கூட்டிக் கேள் என்று சொல்லியிருக்கலாம். அந்த எண்ணம் வந்தது. வந்த வேகத்தில் விரட்டினேன். அவள் மூக்கு உடைவதை முன்வரிசையில் உட்கார்ந்து பார்க்க வேண்டும் என்றுதான் இருந்தது.

தைப்பூசம் நன்றாகவே நடந்தது. பண்ருட்டிப் பக்கமிருந்து நடந்து வந்தவர்கள் வாங்கிச் சாப்பிட்டுவிட்டு வாழ்த்திவிட்டுப் போனார்கள். தக்காளி சாதம் போன வருடத்தைவிட நன்றாக இருந்ததாக இரண்டு பேர் சொன்னதுதான் எனக்குப் பிடிக்கவில்லை. நான் கரண்டி பிடித்துப் பரிமாறிக்கொண்டே கணக்கு ஒப்படைக்கும் ஞாயிற்றுக்கிழமைக்காகக் காத்திருந்தேன்.

அதற்கு இரண்டு நாள் முன், மதியம், டியூஷனுக்கு இன்னும் நேரம் இருந்தது. அவள் கீழே வந்தாள். கையில் ரசீதுக் கற்றை. நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை.

"டீச்சரக்கா, ஒரு கணக்கு போட்டுத் தரணும்."

"சொல்லும்மா."

"ஆயிரத்தி எரநூறு பத்தாம பூட்டுதுங்க, நானே போட்டேன். என் கைக்காசு. கடைக்காரம்மா தக்காளி நாப்பத்தி நாலுன்னாங்க, உருளை அம்பதுன்னாங்க. ஒரு ரூபா கொறைக்கல."

நான் வாங்கிப் பார்த்தேன். அரிசி, எண்ணெய், தயிர், மற்ற மளிகை எல்லாம் பதின்மூவாயிரத்து எண்ணூறு. தக்காளியும் உருளையும் நாலாயிரத்து இருநூறு. கூட்டினால் பதினெட்டாயிரம். போன வருடம் நான் செலவழித்த அதே பதினெட்டாயிரம், பைசா மாறாமல்! எனக்கு உடம்பெல்லாம் குளிர்ந்தது. அந்தக் குளிர்ச்சியை வெளியே காட்டாமல் முகத்தை இரக்கமாக வைத்துக்கொண்டேன்.

"வசூலானது பதினாறாயிரத்து எண்ணூறுதானே. மிச்சம் நீயா போட்டே?"

"ஆமாங்க. சீட்டுக் காசு. வூட்டுல தெரியாது. எனக்குக் காசு வேணாங்க. கணக்க மட்டும் பதினாறாயிரத்தி எண்ணூறுக்கு வர்ற மாரி எழுதிக் குடுங்க. அரிசி, எண்ணெ வெலையெல்லாம் எல்லாருக்கும் தெரியும், அதுல கை வைக்க முடியாது. தக்காளி, உருளைய மட்டும் எதுனா பண்ணுங்க. நீங்கதான் எக்ஸ் ஒய் போடுவீங்களே."

"ஏன்மா இப்படிச் சொல்லி மாட்டிக்கிட்டே?" என்றேன். கேட்டிருக்க வேண்டாம். ஆனால் அவள் வாயால் கேட்க ஆசை.

அவள் வாசலைப் பார்த்தாள். "அஞ்சு மணியானா இங்க இருவது செருப்பு கெடக்குது. அதத் தாண்டித்தான் நான் மேல ஏறுறேன். எல்லாப் புள்ளைங்களும் ஒங்ககிட்ட வருது, அவங்க அம்மாங்களும் ஒங்ககிட்டதான் வருவாங்க. நான் வந்த புதுசுல என்கிட்ட நின்னு பேச ஆளு இல்லக்கா. ஒரு நாளு வெலய கொஞ்சம் கொறச்சிச் சொன்னேன். நாலு பேரு நின்னு கேட்டாங்க. அப்புறம் நிறுத்த முடியல."

அவளுக்கு என் மேல் பொறாமை இருந்திருக்கிறது. இதைக் கேட்டு நான் உருகியிருக்க வேண்டும். அப்படி ஒன்றும் நடக்கவில்லை. என் செருப்புகளைப் பார்த்து ஒருத்தி இரண்டு வருடமாக ஏங்கியிருக்கிறாள் என்பதை நினைத்து நினைத்துச் சந்தோஷப்பட்டேன். அதோடு இன்னொரு கணக்கும் உள்ளே ஓடியது. இந்தக் கணக்கை எழுதிக் கொடுத்துவிட்டால் இவள் இனி என் கைக்குள். படியில் பையைக் கவிழ்க்கும்போது நான் வெறுமனே ஒரு பார்வை பார்த்தால் போதும், பையை எடுத்துக்கொண்டு மேலே போய்விடுவாள். உதவி என்ற பெயரில் நான் செய்தது அதுதான்.

ரஃப் நோட்டை எடுத்தேன். மளிகை போகக் காய்கறிக்கு மூவாயிரம்தான் காட்ட முடியும். ஐம்பது எக்ஸ், நாற்பது ஒய், மூவாயிரம். ஒரு சமன்பாடு, இரண்டு மாறிகள். எத்தனை விடை வேண்டுமானாலும் வரும். ஏதோ ஒன்றை எழுதிக் கொடுத்திருக்கலாம். என் கைக்கு அது பழக்கம் இல்லை. விடை ஒன்றாக இருக்க வேண்டும், பார்த்தால் நம்பும்படி இருக்க வேண்டும். அந்த வாரம் உருளை தக்காளியைவிடக் கொஞ்சம் கூட இருந்தது. மூன்று ரூபாய் கூட என்று வைத்தேன். இரண்டாவது சமன்பாடு கிடைத்தது. தொண்ணூறு எக்ஸ், இரண்டாயிரத்து எண்ணூற்று எண்பது. தக்காளி முப்பத்திரண்டு, உருளை முப்பத்தைந்து. சுத்தமாக வகுபட்டது. பொய்க் கணக்கு இவ்வளவு அழகாக வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

வெள்ளைத் தாளில் கோடு போட்டு, என் கையெழுத்தில், போன எட்டு வருடமும் எழுதிய மாதிரியே எழுதினேன். அவள் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். "ஒங்களுக்குப் பெரிய மனசுக்கா" என்றாள். நான் மறுக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் படிக்கட்டுப் பக்கம் நாற்காலி போட்டு உட்கார்ந்தோம். எதிர் வீட்டம்மா தாளை வாங்கி உரக்கப் படித்தார். தக்காளி முப்பத்திரண்டு என்றதும் வழக்கம்போல ஆ, ஊ. "பாத்தீங்களா, நாஞ் சொல்லல?" என்றார் அவர். "அடுத்த வருசமும் இதே பொண்ணுதானுங். அடுத்த வாட்டி ஆயிரத்து முந்நூறு போட்டாப் போதும்."

நான் அவளைப் பார்த்தேன். என் கைக்குள் இருக்கிறாள் என்ற தைரியத்தில் மெல்லத் தலையை ஆட்டிக்கொண்டேன். அவள் புடவைத் தலைப்பை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்தாள். பிறகு எழுந்துவிட்டாள்.

"வேணாங்க" என்றாள். "நான் சொன்ன வெலயெல்லாம் பொய்ங்க. கடையில எல்லாருக்கும் என்னா வெலயோ அதான் எனக்கும். ஆயிரத்தி எரநூறு பத்தல, நான் போட்டேன். இனிமே டீச்சரக்காவே வாங்கட்டும்."

போச்சு, இப்போது கிழிக்கப் போகிறார்கள் என்று நான் மூச்சைப் பிடித்துக்கொண்டேன். எதிர் வீட்டம்மா எழுந்து போய் அவள் கையைப் பிடித்தார். "கைக்காசு போட்டா பசியாத்துனே? யாருக்கும்மா இந்த மனசு வரும்?" என்றார். அவர் கண் கலங்கியிருந்தது. இன்னொருத்தி, வீட்டுக்கு நூறு போட்டு அந்தப் பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் என்றாள். அவள் முடியவே முடியாது என்றாள். அதற்கு இன்னும் நாலு பாராட்டு. இரண்டு வருடமாகப் பொய் சொன்னதை ஒருத்தரும் கேட்கவில்லை. மலிவாக வாங்கியபோது கிடைத்ததைவிட இப்போது அதிகம் கிடைத்தது. எட்டு வருடம் ஒரு பைசா தப்பில்லாமல் கணக்குக் கொடுத்தேனே, ஒருத்தர் என் கையைப் பிடித்தாரா?

அப்போது எதிர் வீட்டம்மாவுக்குத் தாள் ஞாபகம் வந்தது. திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"ஏனுங் டீச்சர், இது உங்க கையெழுத்துத்தானுங்களே? ஆயிரத்து எரநூறு இதுல எங்கியும் காணோம். ஆனா டோட்டல் கரெக்டா வருதே?"

பதினோரு பேரும் என்னைப் பார்த்தார்கள். எந்தக் கேள்விக்கும் அரை நிமிடத்தில் விடை சொல்லும் நான், தாளை வாங்கிப் புதிதாகப் பார்ப்பதுபோல மறுபடி கூட்டத் தொடங்கினேன். முப்பத்திரண்டும் முப்பத்தைந்தும் நான் பெற்றவை. நான் எழுதிக் கொடுக்கும்வரை அவள் அந்த எண்களைக் கேட்டதுகூட இல்லை.

"அவங்கள ஏன் கேக்கறீங்க?" என்றாள் அவள். "அது நான் சொன்ன வெலங்க. தக்காளி முப்பத்திரெண்டு, உருளை முப்பத்தஞ்சின்னு நான் சொன்னேன். அக்கா என்னா பண்ணுவாங்க, நம்பி எழுதிக் குடுத்தாங்க."

எல்லோரும் தலையை ஆட்டிக்கொண்டார்கள். பாவம் டீச்சர், அவர்களையும் ஏமாற்றிவிட்டாயா என்று ஒருத்தி செல்லமாக அவளைத் தட்டினாள். நான் வாயைத் திறக்கவில்லை. இன்றுவரை திறக்கவில்லை. அடுத்த வருடப் பொறுப்பை என்னிடமே கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டேன். அன்று அவள் சொன்ன ஒரே பொய் எனக்காகச் சொன்னது. அதற்காகவும் எனக்கு அவள் மேல் பொறாமையாகத்தான் இருந்தது.